செவ்வணு இல்லை

செக்கானூரணியில், மெடிக்கலுக்கு மேலே என் லேப்.
பதினாலு படி.
இரண்டு கையாலும் கம்பியைப் பிடித்து
நண்டுபோல் பக்கவாட்டில் ஏறி வந்தாள் ஜெயக்கொடி.
இருபத்திரண்டு வயது.
மேலே வந்ததும் வெட்கப்பட்டுச் சிரித்தாள்.

பாட்டிலில் இருந்தது
கருப்பட்டிக் காப்பி நிறம்.
'நீர்க்கடுப்பு?' என்று டாக்டர் சீட்டில்.
அந்தக் கேள்விக்குறி அவருக்கு மட்டும்தான்.
சூடு என்றார் அம்மா,
தொப்புளில் விளக்கெண்ணெய் வைத்தாகிவிட்டது,
தொடையில் தைலம் போட்டு நீவியாகிவிட்டது.
பெயர் எழுதும் செல்வமேரி குரலைத் தாழ்த்தி
"நாளு கணக்கா இருக்கும்" என்றாள்.
"முடிஞ்சு பத்து நாளாச்சுக்கா."
ஜெயக்கொடி குரலைத் தாழ்த்தவில்லை.

பட்டையை முக்கினேன்.
மஞ்சள் கட்டம் கண்ணெதிரே கரும்பச்சையானது.
ரத்தம், மூன்று கூட்டல் குறி.
சுழற்றி, அடிவண்டலில் ஒரு சொட்டு எடுத்து
லென்ஸில் குனிந்தேன்.
செவ்வணு இல்லை.
கண்ணாடியை நகர்த்தினேன்.
இல்லை.
வேறு சொட்டு.
இல்லை.
தெருவெல்லாம் மீன் வாடை,
சட்டியில் மீனைக் காணோம்.

"நாலு நாளைக்கு முந்தி என்னம்மா செஞ்ச?"

ரேஸ்கோர்ஸ் மைதானம், போலீஸ் செலக்‌ஷனுக்குப் பயிற்சி.
அக்கா பிரசவம், நாற்பது நாள் போகவில்லை.
திரும்பப் போன முதல் நாளே
நாகமலைப் புதுக்கோட்டையில் பஸ் பஞ்சர்.
இருபது நிமிடம் தாமதம்,
நிமிடத்துக்குப் பதினைந்து முறை உட்கார்ந்து எழு.
"முந்நூறுண்ணே. கணக்குல நான் கெட்டி."
கத்திரி வெயில்.
தண்ணீர் பாட்டில் பைக்குள், பை வேப்பமரத்தடியில்.
"நூத்தி எம்பதுக்கு மேல தொடை என்னுதா இல்ல.
விட்டா, பொம்பளப் பிள்ளன்னுருவாங்கள்ல?"
விடவில்லை.

மறுநாள் வலி.
வலித்தால் வளருது என்றாராம் பயிற்சியாளர்.
இரண்டு வேளை வலி மாத்திரை, கீழே இதே மெடிக்கலில்.
அதற்கும் மறுநாள்
கக்கூஸில் உட்கார முடியாமல்
சுவரைப் பிடித்து நின்றபடியே அழுதிருக்கிறாள்.
சுடிதார்க் கால் தொடையில் ஏறவில்லை,
வீக்கம்.
நேற்று முழுக்க ரெண்டே தடவைதான் போனாளாம், கொஞ்சம் கொஞ்சம்.

நோய்க்குப் பேர் வைப்பது என் வேலை இல்லை.
ஆனாலும் அம்மாவைக் கேட்டேன்:
"கறி அலசுனா தண்ணி ஏன் சிவக்குது?"
"ரத்தம்."
"ரத்தமெல்லாம் அறுத்த இடத்துலயே வடிஞ்சுரும்மா.
சதைக்குன்னு சொந்தமா ஒரு சிவப்பு இருக்கு.
இவ தொடைச் சதை உடைஞ்சு
அந்தச் சிவப்பு ரத்தத்துல கலந்து
கிட்னி சல்லடையில போய் அடையுது.
பட்டைக்கு ரெண்டு சிவப்பும் ஒண்ணுதான்.
லென்சுக்கு இல்ல."

நீவிக்கொண்டிருந்த அம்மாவின் கை
மகள் தொடைமேல் அப்படியே நின்றது.

டாக்டருக்குப் போன் போட்டேன்.
மாத்திரை நிறுத்து, ஆட்டோ பிடி, பெரியாஸ்பத்திரி.
அங்கே இரவு லேபில் என்னோடு படித்த பிரிட்டோ.
பத்து மணிக்குக் கூப்பிட்டான்:
மெஷின் எண்ணைக் காட்ட மறுத்ததாம்,
ரத்தத்தை நேர்த்து மறுபடி ஓட்டியிருக்கிறான்.
இருநூறுக்குள் நிற்க வேண்டியது
தொண்ணூற்று நாலாயிரம்.
அன்று சோறு இறங்கவில்லை எனக்கு.
இதுபோல எத்தனை பாட்டிலில்
பட்டையை மட்டும் பார்த்து
அடுத்த ஆளைக் கூப்பிட்டிருக்கிறேன்.

பன்னிரண்டு நாள் கழித்து
மறுபரிசோதனைக்கு வந்தாள்.
பாட்டில் பாட்டிலாக சலைன் ஏற்றியதை,
நிறம் இறங்கியதை
அவளே கணக்குச் சொன்னாள்:
கருப்பட்டி, வரட்டீ, சுக்குத்தண்ணி,
வெள்ளிக்கிழமை வைக்கோல்.

பட்டை மஞ்சளாகவே இருந்தது.
"அப்ப எப்பண்ணே ஓடலாம்?
பதினெட்டாந்தேதி செலக்‌ஷன்."

என் சீட்டில் நிறத்துக்குக் கட்டம் உண்டு,
சர்க்கரைக்கு உண்டு, உப்புக்கு உண்டு.
டாக்டரைக் கேளு என்றேன்.
சரி என்றாள், சரியில்லாத குரலில்.

இறங்கும்போது படிகளை எண்ணினேன், அவளுக்குத் தெரியாமல்.
ஒன்பதில் நின்றாள்.
செல்வமேரி எட்டிப் பார்த்தாள்.
பத்து.